கஸ்டம்ஸ் நெவென்கா சோதித்த மூன்று புத்தகங்கள்

எங்கள் விர்போவா ஊர் நூலகத்துக்கு வருகிறவர்களில் புத்தகத்தைக் கடைசிப் பக்கத்திலிருந்து திறக்கிற ஆள் ஒருவர்தான். அவர் நெவென்கா அக்கா. முடிவு என்னவென்று தெரிந்துகொள்வதற்காக இல்லை, யார் பணம் கொடுத்தார்கள் என்று பார்ப்பதற்காக. எங்கள் பக்கத்தில் அச்சாகிற ஊர் வரலாறுகளின் கடைசிப் பக்கத்தில் ‘நன்றி’ என்று தலைப்புப் போட்டு நகராட்சி, இறைச்சித் தொழிற்சாலை, முன்னாள் படைவீரர் சங்கம், ஜெர்மனியில் சம்பாதிக்கிற ஏதோ ஒரு கட்டட மேஸ்திரி என்று பெயர்கள் வரிசையாக இருக்கும். அக்கா அதை விரலால் தொட்டுத் தொட்டுப் படிப்பார். பிறகு முன்பக்கம் வந்து, புத்தகத்தைச் சரிபார்த்ததாகச் சொல்லிக்கொள்ளும் பேராசிரியர்கள் யார், அதில் எவர் எவருக்கு மைத்துனர் என்று என்னிடம் விசாரிப்பார். முதல் அத்தியாயம் அதற்கப்புறம்தான்.

பென்ஷன் வாங்கும்வரை பக்கத்து நாட்டு எல்லையான சாவா நதிப் பாலத்துக் கஸ்டம்ஸில் அவருக்கு வேலை. உபரி டயருக்குள் காபிக்கொட்டை, குழந்தையின் தொட்டிலுக்கு அடியில் சிகரெட் என்று மனிதர்கள் எதை எங்கே ஒளிப்பார்கள் என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். மடியில் கனமிருந்தால்தான் வழியில் பயம் என்பார்கள். அக்காவைக் கண்டால் மடியில் ஒன்றுமில்லாதவனுக்கும் பயம் வரும். நான் இந்த நூலகத்தின் பொறுப்பாளன், பெயர் சாபித். என் மனைவி செய்து அனுப்பிய வால்நட் கேக்கைக் கூட அவர் திருப்பி அடியைப் பார்த்துவிட்டுத்தான் வாயில் வைத்தார். எனக்கு அன்றைக்குச் சுர்ரென்று கோபம் வந்தது.

வேலை போனதும் சந்தேகத்தை எங்கே கொட்டுவது? யார் வேண்டுமானாலும் எழுதலாம் என்கிற இணையக் கலைக்களஞ்சியம் ஒன்று இருக்கிறதல்லவா, அதில் எங்கள் ஊரைப் பற்றிய பக்கத்தை ஒருநாள் படித்துவிட்டு, “சாபித், இவ்வளவு பொய்யை நான் ஒரே டிக்கியில பார்த்ததே இல்லடா” என்றபடி வந்து உட்கார்ந்தார். அன்றிலிருந்து எங்கள் நூலகத்து ஜன்னலோர மேஜை அவருடையது.

வேலை சுலபமில்லை. எங்கள் மொழியை ஒருவர் செர்பியன் என்பார், ஒருவர் குரோவாசியன் என்பார், இன்னொருவர் பொஸ்னியன் என்பார். மூவரும் ஒரே காபிக்கடையில் உட்கார்ந்து ஒரே ஜோக்குக்குச் சிரிப்பார்கள், நடுவில் மொழிபெயர்ப்பாளர் யாரும் தேவைப்பட்டதில்லை. ஆனால் வரலாறு என்று வந்துவிட்டால் மூவருடைய தலைநகரமும் மூன்று விதம். பெல்கிரேடில் அச்சானது ஒன்று சொல்லும், சாக்ரெபில் அச்சானது அதைத் தலைகீழாகச் சொல்லும், சாராயேவோவில் அச்சானது இரண்டு பேரையும் திட்டும். இதற்கு அக்கா ஒரு வழி வைத்திருந்தார். மூன்று ஊர்ப் புத்தகங்களையும் பக்கத்தில் பக்கத்தில் விரித்துவைப்பார்.

“மூணு பேரும் ஒருத்தனுக்கொருத்தன் ஜென்மப் பகை. அப்படிப்பட்டவனுங்க ஒரு விஷயத்துல ஒத்துப்போனா அது உண்மையாத்தாண்டா இருக்கணும்,” என்பார்.

எனக்கும் அது ரொம்பப் புத்திசாலித்தனமாகத்தான் பட்டது. வெளியூரிலிருந்து வருகிறவர்களிடம் அதைப் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன்.

மார்கா அம்மா வந்தது மிளகாய் சுடுகிற பருவத்தில். தெருவெல்லாம் சிவப்புக் குடைமிளகாய் தகரத்தின்மேல் கருகிக்கொண்டிருந்தது. அவருடைய கம்பளிச் சட்டையிலும் அந்த வாசனை. எண்பது வயது. செருப்புத் தொழிற்சாலையில் தைத்துத் தைத்து விரல்கள் கோணிப்போனவர். அவரை ஊரில் எல்லோருக்கும் தெரியும், ஆனால் அவரோடு உட்கார்ந்து பேசுகிறவர்கள் குறைவு. காரணம் அவருடைய அப்பா, பாவோ துனேவிச்.

இரண்டாம் உலக யுத்தத்தின்போது, நாற்பத்து மூன்றில், ஜெர்மானியர்களை எதிர்த்து மறைந்திருந்து சண்டை போட்டுக் காயம்பட்ட பார்ட்டிசான் போராளிகள் சிலரை ஆற்றங்கரை மாவு மில்லின் நிலவறையில் ஒளித்துவைத்திருந்தார்கள். ஜெர்மானியர்கள் வந்து அத்தனை பேரையும் கொன்றார்கள். மில்லில் வேலை பார்த்த பாவோ, மேல்மாடி ஜன்னலில் நின்று விளக்கை ஆட்டி அக்கரையிலிருந்த ஜெர்மானியர்களுக்குச் சமிக்ஞை கொடுத்தான் என்பது கதை. யுத்தம் முடிந்ததும் புது அரசாங்கத்தின் ஆட்கள் பாவோவை வீட்டிலிருந்து கூட்டிப்போனார்கள், திரும்பி வரவில்லை. ஊரில் அந்த ஜன்னலுக்கே ‘பாவோவின் ஜன்னல்’ என்று பெயர். நான் சிறுவனாக இருந்தபோது அதன் கீழே போனால் துப்பிவிட்டுத்தான் போவோம். துப்பாதவனை மற்றவர்கள் சந்தேகமாகப் பார்ப்பார்கள்.

மார்கா அம்மா நேராக ஜன்னலோர மேஜைக்குப் போனார்.

“நீதானே இன்டர்நெட்டுல ஊரைப் பத்தி எழுதுறவ?”

“நான் மட்டும் இல்லம்மா. யார் வேணா எழுதலாம்.”

“யார் வேணா எழுதலாம்னா யார் வேணா அழிக்கலாம்ல? எங்கப்பா பேரை அழி.”

“எதுக்கு அழிக்கணும்? காரணம் வேணுமே.”

“நான் அவர் பொண்ணு. அது காரணமில்லையா?”

“அதுதாம்மா சந்தேகத்துக்கே காரணம்,” என்றார் அக்கா.

எனக்கே சங்கடமாகிவிட்டது. ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு மார்கா அம்மாவை உட்காரச் சொன்னேன். விஷயம் இதுதான். ஐரோப்பிய ஒன்றியத்துக்காரர்கள் கொடுத்த பணத்தில் நகராட்சி மில்லைப் புதுப்பித்து அருங்காட்சியகம் ஆக்குகிறது. வாசலில் ஒரு இரும்புப் பலகை வரப்போகிறது. அதில் எழுத வேண்டியதை அதிகாரிகள் எங்கே தேடுவார்கள்? கலைக்களஞ்சியத்துப் பக்கத்தை அப்படியே எடுத்துவிட்டார்கள். ஆங்கிலத்தில் ஒருமுறை, எங்கள் மொழியில் மூன்றுமுறை. சிகரெட் பெட்டியில் ‘புகைத்தால் சாவாய்’ என்று ஒரே வாக்கியத்தை மூன்று மொழி என்று சொல்லி மூன்றுதரம் போட்டிருப்பார்களே, அதே கணக்கு.

“இதுவரைக்கும் வாயால திட்டினாங்க,” என்றார் மார்கா அம்மா. “வாய் என்னிக்காவது ஓயும். இரும்பு ஓயுமா? நான் போனப்புறமும் அது அங்கேயே நிக்கும். வர்றவன் போறவனெல்லாம் எங்கப்பா பேரைப் படிப்பான்.”

அக்கா இரக்கம் காட்டுகிற ஆள் இல்லை. அலமாரியிலிருந்து மூன்று புத்தகங்களையும் எடுத்துவந்து அவர் முன்னால் விரித்தார்.

“பாருங்க. செத்தவங்க எல்லாம் எங்காளுங்கன்னு இவன் சொல்றான். இல்ல, எங்காளுங்கன்னு அவன் சொல்றான். எத்தனை பேர்ங்கறதுல கூட ஒத்துமை இல்ல. உங்கப்பா விஷயத்துல மட்டும் மூணு பேருக்கும் ஒரே வாய். மேல் ஜன்னல்ல விளக்கு. நான் என்ன பண்ணட்டும்?”

“மேல் ஜன்னலா? எங்கப்பா இருந்தப்போ அந்தச் சுவத்துல ஜன்னலே கிடையாது.”

“உங்களுக்கு அப்போ அஞ்சு வயசு.”

“அஞ்சு வயசுக்காரிக்குக் கண்ணு இருக்காதாடி?”

அதைச் சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார். கதவை ஓங்கிச் சாத்தியதில் செய்தித்தாள் தட்டி கீழே விழுந்தது.

“பொய்,” என்றார் அக்கா. “ஏதாவது ஒண்ணைக் கிளப்பிவிட்டா நான் குழம்புவேன்னு பார்க்குது கிழவி.” ஆனால் அன்று மாலைவரை அவர் ஒரு வரி எழுதவில்லை. திறக்காத டிக்கி ஒன்றை எல்லைக்கு அந்தப்பக்கம் போகவிட அவரால் முடியாது என்று எனக்குத் தெரியும். மறுநாள் காலையில் நூலகத்தைத் திறக்குமுன்னே வாசலில் நின்றார். “வா, மில்லுக்குப் போவோம்.”

மில்லைச் சுற்றிச் சாரம் கட்டியிருந்தார்கள். சுவரின் பழைய பூச்சையெல்லாம் கொத்தி எடுத்திருந்ததால் செங்கல் வெறும் உடம்பாகத் தெரிந்தது. அக்கா அறுபது சொச்சம் வயதில், பாவாடையை முழங்காலுக்குமேல் சொருகிக்கொண்டு சாரத்தில் ஏறினார். நான் கீழேயே நின்று பிடித்துக்கொண்டேன். உயரம் எனக்கு ஆகாது.

“சாபித்! மேல வாடா!”

“அங்கிருந்தே சொல்லுங்கக்கா.”

“சுவர்க் கல்லெல்லாம் கையால அறுத்த பழைய கல்லு, தடியா இருக்கு. ஜன்னலைச் சுத்தி மட்டும் மெலிசு. நட்சத்திர முத்திரை போட்டிருக்கு.”

நட்சத்திர முத்திரை எங்கள் ஊர்ச் செங்கல் ஆலையுடையது. யுத்தம் முடிந்து புது அரசாங்கம் வந்தபிறகு தொடங்கிய ஆலை. எங்கள் வீட்டுக் கழிப்பறைச் சுவரில்கூட அந்த நட்சத்திரம் இருக்கிறது. பக்கத்தில் வேலை செய்துகொண்டிருந்த கொத்தனார் எட்டிப்பார்த்துச் சொன்னார், “அது ஜன்னலே இல்லம்மா. பின்னால கூட்டுறவுச் சங்கம் வந்தப்போ மூட்டை தூக்கறதுக்கு உடைச்ச வழி. கப்பி மாட்டின கொக்கி உள்ள இருக்கு பாருங்க.”

யுத்தத்தின்போது இல்லாத ஜன்னலுக்குக் கீழேதான் நாங்கள் தலைமுறை தலைமுறையாகத் துப்பியிருக்கிறோம்.

நூலகத்துக்குத் திரும்பியதும் அக்கா மூன்று புத்தகங்களிலும் அந்தப் பத்தியைச் சத்தமாகப் படித்தார். முன்பும் படித்தவர்தான். ஆனால் அப்போது விஷயத்தைத் தேடிப் படித்தார், இப்போது குரலைக் கேட்டுப் படித்தார். ‘உறங்கும் ஆற்றின்மீது துரோகியின் விளக்கு மூன்றுமுறை ஊசலாடியது.’ மூன்றிலும் அதே ஆறு, அதே உறக்கம், அதே ஊசல். எவனும் எங்கிருந்து எடுத்தேன் என்று சொல்லவில்லை. பகையாளிகள் சாட்சி சொல்லவில்லை, ஒரே தட்டிலிருந்து திருடித் தின்றிருக்கிறார்கள். ஒரே குட்டையில் ஊறிய மட்டைகள் என்று தெரியாமல் நாங்கள் மூன்றையும் தராசில் வைத்து நிறுத்துக்கொண்டிருந்தோம். இந்தத் தப்பை எங்கள் ஊர்க்காரன்தான் செய்வான். பக்கத்து வீட்டுக்காரனோடு எதிலுமே ஒத்துப்போகாதவனுக்குத்தானே, ஒத்துப்போவது உண்மைக்கு அடையாளமாகத் தெரியும்?

அக்கா கலைக்களஞ்சியத்தின் விவாதப் பக்கத்தில் எழுதினார். பாவோவின் பெயரை எடுக்க வேண்டும், ஜன்னல் பிறகு வந்தது, செங்கல் சொல்கிறது. அந்தப் பக்கத்தைக் கவனித்துக்கொள்கிறவர் ஒரு டச்சுக்காரர், ஒழுங்கானவர், கணினி மொழிபெயர்த்துக் கொடுப்பதை வைத்து எங்கள் புத்தகங்களைப் படிக்கிறவர். அவர் பதில் போட்டார். நீங்கள் கண்ணால் பார்த்த செங்கல் ஆதாரம் ஆகாது, அச்சில் வந்திருக்க வேண்டும். தவிர, செர்பிய மொழியில் ஒன்று, குரோவாசிய மொழியில் ஒன்று, பொஸ்னிய மொழியில் ஒன்று என மூன்று வெவ்வேறு மொழிகளில் மூன்று தனித்தனி ஆதாரங்கள் இருக்கின்றனவே?

“மூணு மொழியாம்!” அக்கா மேஜையில் தட்டினார். “கேக்குறவன் கேனையனா இருந்தா கேப்பையில நெய் வடியுதும்பாங்க. இவன் பாவம், நம்மாளுங்க சொன்னதை நம்பிட்டான்.”

இது ஒரே மொழி, ஒரே வாக்கியம், பார்த்து எழுதியது என்று அவர் பதில் எழுதினார். அவ்வளவுதான், குளவிக்கூட்டில் கையை விட்டாயிற்று. ஒரே மொழியா, யார் சொன்னது என்று மூன்று பக்கத்துக்காரர்களும் வந்து இறங்கினார்கள். அம்மா குரோவாசியன், அப்பா செர்பியன், செத்துப்போன புருஷன் எங்களாள், பொஸ்னியன் என்பதால் அக்காவை எவன் வேண்டுமானாலும் எதிரி என்று சொல்லலாம், சொன்னார்கள். காபிக்கடையில் பேச்சு வேறு மாதிரி. மார்காக் கிழவி அக்காவுக்கு வீட்டை எழுதிக்கொடுத்திருக்கிறாளாம். இல்லை, ஏதோ தூதரகம் மாதாமாதம் பணம் கொடுக்கிறதாம். “நெருப்பில்லாம புகையுமா சாபித்?” என்று என்னிடமே கேட்டார்கள். நான் சண்டை போட்டேன் என்று சொல்ல ஆசைதான். காபியைக் குடித்துவிட்டு எழுந்து வந்தேன்.

டச்சுக்காரர் மட்டும் கோபப்படாமல் கேட்டார். பார்த்து எழுதியது என்றால் எதைப் பார்த்து? அந்த மூலம் எங்கே? யார் எழுதியது? அவருக்கு அது எப்படித் தெரியும்?

நல்ல கேள்வி. மறுநாளிலிருந்து அக்கா நூலகத்துக்கு வரவில்லை.

முதலில் உடம்பு சரியில்லை என்று நினைத்தேன். பிறகு சந்தையில் பார்த்தேன், உப்பிட்ட முட்டைக்கோஸ் வாங்கிக்கொண்டிருந்தார், என்னைக் கண்டதும் வேறு கடைக்கு நகர்ந்தார். எனக்குள் சந்தேகம் முளைத்தது. பயந்துவிட்டாரா? யாராவது மிரட்டினார்களா? உண்மையிலேயே பணம் வாங்கியிருப்பாரோ என்றுகூட நினைத்தேன். அவரோடு இத்தனை வருடம் உட்கார்ந்ததில் அந்த நோய் எனக்கும் தொற்றிவிட்டது.

ஒருநாள் மூடுகிற நேரத்தில் வந்தார். பையிலிருந்து மெல்லிய புத்தகம் ஒன்றை எடுத்து என் மேஜையில் வைத்தார். மில் சம்பவத்தின் ஆண்டு விழாவுக்குப் படைவீரர் சங்கம் அறுபத்தொன்றில் வெளியிட்டது. எங்கள் நூலகத்துப் பிரதி தொண்ணூறுகளில் வந்த யுத்தத்தில் விறகுக்குப் பதிலாகக் கணப்படுப்புக்குப் போய்விட்டது. அட்டையில் ஆசிரியர் பெயர் இல்லை, விழாக் குழு என்று மட்டும் இருந்தது. திறந்தேன். உறங்கும் ஆறு, ஊசலாடும் விளக்கு.

“எங்க கிடைச்சுது?”

“எங்க வீட்டு அலமாரியில. எழுதினது எங்கப்பா. அவர் கைப்பட எழுதின நோட்டும் கூடவே இருந்துச்சு.”

அவருடைய அப்பா ஓஸ்தோயா எங்கள் பள்ளிக்கூடத்து ஆசிரியர். எனக்கே பாடம் எடுத்திருக்கிறார், அடிக்காத வாத்தியார். ஐம்பத்தெட்டில்தான் மலைப்பக்கத்திலிருந்து மாற்றலாகி இந்த ஊருக்கு வந்தார்.

“அவருக்கு யாரோ ஒரு பேரைச் சொல்லியிருக்காங்க,” என்றார் அக்கா. “வந்து மில்லைப் பார்த்திருக்கார். மேல ஒரு ஜன்னல். விழாவுல படிக்கறதுக்கு அழகா இருக்கணும்ல? விளக்கை அதுல வெச்சுட்டார். அவ்வளவுதான். கெட்ட எண்ணமெல்லாம் இருந்திருக்காது.”

நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். இதை மறைக்கப்போகிறார் என்று உறுதியாக நினைத்தேன். யார் கேட்கப் போகிறார்கள்? வேறு பிரதி இல்லை. ஊரில் ஒரு தெருவுக்கே ஓஸ்தோயா ஆசிரியரின் பெயர் வைத்திருக்கிறார்கள். பெற்ற அப்பன் மானத்தைத் தெருவில் போடுவதற்கு யாருக்கு மனசு வரும்?

“என்ன அப்படிப் பார்க்கிறே?” என்றார். “எனக்கும் அதே எண்ணம்தான் வந்துச்சு. வராமலா இத்தனை நாள் வீட்ல உட்கார்ந்திருந்தேன்.”

அங்கேயே, என் மேஜையில் உட்கார்ந்தே எழுதினார். மூலம் இந்தச் சிறு புத்தகம். எழுதியவர் என் தகப்பனார். சம்பவம் நடந்து பதினைந்து வருடம் கழித்து ஊருக்கு வந்தவர், எதையும் நேரில் பார்த்தவர் அல்ல. மற்ற மூன்றும் இதன் நகல்கள், ஆகவே ஆதாரம் ஒன்றே ஒன்று, அதுவும் நம்பத் தக்கதல்ல. ‘நம்பத் தக்கதல்ல’ என்று எழுதும்போது ஒருமுறை நிறுத்தி மூக்கைச் சிந்தினார். எனக்கு அவர்மேல் அதுவரை இருந்த எரிச்சலெல்லாம் எங்கோ போய்விட்டது.

சொந்தக்காரி எழுதக் கூடாது என்று உடனே ஒருவன் கிளம்பினான். டச்சுக்காரர்தான் அவனை அடக்கினார். அப்பாவுக்கு ஆதரவாகப் பொய் சொல்ல வருகிறவர்களைத் தினமும் பார்க்கிறேன், எதிராகப் பொய் சொல்ல வந்தவரை இதுவரை பார்த்ததில்லை என்று எழுதி, பாவோவின் பெயரை எடுத்துவிட்டார். நகராட்சியில் பலகைக்கான வாசகத்தை நானே கொண்டுபோய் மாற்றிக் கொடுத்தேன். ஒரே திருத்தத்தை மூன்றுதரம் கையெழுத்திட்டு வாங்கிக்கொண்டார்கள்.

மார்கா அம்மா முற்றத்தில் சுட்ட மிளகாயைத் தோலுரித்துக்கொண்டிருந்தார். அக்கா தனியாகப் போகப் பயந்து என்னையும் கூட்டிப்போயிருந்தார். பலகைக்கான புது வாசகத்தை நின்றபடியே படித்தார். “நிலவறையில் ஒளிந்திருந்தவர்களைப் பற்றி ஜெர்மானியர்களுக்கு எப்படித் தெரிந்தது என்பது இன்றுவரை தெரியவில்லை.”

“இன்னொரு தடவ படி.”

படித்தார்.

“அவர் பேரு?”

“இல்ல. எங்கயும் இல்ல.”

மார்கா அம்மா தலையை ஆட்டிவிட்டு அடுத்த மிளகாயை எடுத்தார். அக்கா போகவில்லை.

“இன்னொண்ணு சொல்லணும். அதை முதல்ல எழுதினது…”

“உங்கப்பா. தெரியும்.”

“தெரியுமா?”

“விழாவுல அவர் படிச்சப்போ நான் கூட்டத்துல நின்னுக்கிட்டிருந்தேன். நல்ல குரல். பொம்பளைங்க எல்லாம் அழுதாங்க. அப்புறம் திரும்பி என்னைப் பார்த்தாங்க.”

“அப்போ வேணும்னேதான் என்கிட்ட வந்தீங்களா?”

“பின்ன? வேற எவனாவது அழிச்சா இன்னொருத்தன் வந்து திரும்ப எழுதுவான். எழுதினவர் பொண்ணே அழிச்சா?”

“நான் செய்வேன்னு நம்பினீங்களா?”

“நம்பறதா, உன்னையா?” மார்கா அம்மா சிரித்தார், பல் இல்லாத சிரிப்பு. “நீ மறைச்சிடுவேன்னுதான் நினைச்சேன். மறைச்சிருந்தா ஊரைக் கூட்டிச் சொல்லியிருப்பேன்.”

வாழ்நாளெல்லாம் மற்றவர்களின் மூட்டையை அவிழ்த்த அக்கா, தன்னையே ஒருத்தி இத்தனை நாளாகச் சோதனை போட்டிருக்கிறாள் என்பதை அப்போதுதான் உணர்ந்தார். அவர் முகம் சிவந்தது. கண் நிறைந்துவிட்டது.

“மார்காம்மா, எங்கப்பா கெட்டவர் இல்ல.”

மார்கா அம்மா மிளகாயைக் கீழே வைத்தார். கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு, பக்கத்திலிருந்த முக்காலியை அக்காவின் பக்கம் காலால் தள்ளினார்.

“உட்காரு. எழுபது வருஷத்துக்கு மேல நானும் அதையேதான் சொல்லிக்கிட்டிருக்கேன்.”